கதவு சாத்தும் வரை கேட்ட மெட்டு

படம் தொடங்கிப் பதினொரு நிமிடம் ஆகியிருந்தது. திருடன் விசிலடிக்க இன்னும் ஐம்பத்தெட்டு நிமிடம் இருந்தது. வேறு எதை மறந்தாலும் கிளேமான் ஞானுவுக்கு இது மறக்காது. காலையில் மாத்திரை போட்டோமா இல்லையா என்று அட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிற எழுபத்துமூன்று வயது மனிதர்தான். ஆனால் நாற்பத்தொரு வருஷத்துக்கு முன்னால் பாரிஸில் தான் எழுதிய 'ஆறாம் மாடி' படத்தில், அறுபத்தொன்பதாவது நிமிடத்தில் என்ன வரும் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லிவிடுவார். எத்தனை தடவை பார்த்திருப்பார்? பார்த்ததெல்லாம் அந்த நிமிடம் வரைக்கும்தான். அது வருகிறபோது ஒன்று கழிப்பறைக்குப் போயிருப்பார், இல்லை குனிந்து ஷூ நாடாவைக் கட்டிக்கொண்டிருப்பார். இன்றைக்குக் காலில் செருப்பு. புதுச்சேரியில் சனிக்கிழமை நாலு மணி வெயிலுக்கு யார் ஷூ போடுவார்கள்? வெளியே அந்த வெயில், உள்ளே பிரெஞ்சுப் பண்பாட்டு மன்றத்தின் சின்ன அரங்கில் ஏசி எலும்பைத் துளைத்தது. நாற்பது பேர் இருப்பார்கள்: பென்ஷன் வாங்கும் பழைய பட்டாளத்துக்காரர்கள், கல்லூரிப் பிள்ளைகள், வெயிலுக்குப் பயந்து நுழைந்த இரண்டு வெள்ளைக்காரப் பயணிகள். அவர்கள் யாரும் அவருக்குப் பொருட்டில்லை. வலது பக்கத்து நாற்காலியில் அக்கா இருந்தாள், அதுதான் பிரச்சினை. எண்பத்தொரு வயது பெலிசி அக்கா, வெளுத்த வாயில் புடவையில், கைக்குட்டையில் ஓடிகொலோன் நனைத்து வைத்துக்கொண்டு, தம்பியின் படத்தை வாழ்க்கையில் முதல் தடவையாகப் பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த விசில் அவளுடையது. அவள் கட்டிய மெட்டு. அது அவளுக்குத் தெரியாது, அதாவது அது திரையில் இருக்கிறது என்று தெரியாது, இன்னும் ஐம்பத்தெட்டு, இல்லை, ஐம்பத்தேழு நிமிடத்தில் தெரிந்துவிடும்.

மடியில் நிகழ்ச்சித் தாள் கிடந்தது. இருட்டில் எழுத்து தெரியவில்லை. தெரியத் தேவையும் இல்லை, அதுவும் மனப்பாடம். 'கிளேமான் ஞானு: திரைக்கதை ஆசிரியர், இசைப் பங்களிப்பாளர். நம் ஊர் மறந்த ஒரு கலைஞர்.' ஊர் எங்கே மறந்தது, தெரிந்திருந்தால் அல்லவா மறப்பதற்கு. ஒன்பது படம். அதில் பெயர் தனியாக வந்தது இரண்டு. இன்னொருவர் பெயருக்கடியில் பொடி எழுத்தில் வந்தது மூன்று. மீதி நாலில் பெயரே கிடையாது, யாரோ எழுதிக் கெடுத்த வசனத்தை ராவி வழவழப்பாக்கிக் கொடுக்கிற தச்சு வேலை. வீட்டுக்கு எழுதிய கடிதங்களில் எல்லாம் ஒன்பதும் தன் படம் என்றுதான் இருக்கும். சரி, அது சின்னப் பொய், ஊர் விட்டு ஊர் போனவன் எல்லோரும் சொல்கிற பொய். ஆனால் இந்த 'இசைப் பங்களிப்பாளர்' இருக்கிறதே, அது தொண்டையில் மீன்முள்ளாக நின்றது. பங்களிப்பாம். யார் பங்கை யார் அளித்தது? மன்றத்தை நடத்தும் ஓரியான் என்கிற அந்தப் பிரெஞ்சுப் பெண், முப்பது வயது கூட இருக்காது, தமிழைச் சிரமப்பட்டுப் படித்துத் தெளிவாகப் பேசுகிற பெண், ஆவணக்காப்பகத்தில் எதையோ தேடப்போய் இவர் பெயரைக் கண்டுபிடித்து, இவர் பிரான்ஸை விட்டு வந்து அக்கா வீட்டு மாடியில் குடியிருப்பதையும் கண்டுபிடித்து, ஒரு நாள் கதவைத் தட்டினாள். இவருக்குத் தலைகால் புரியாத சந்தோஷம், அரை நிமிடம். "உங்க படத்துல ஒண்ணுதான் நல்ல பிரதி கிடைச்சுது" என்றாள். எது என்று கேட்பதற்குள்ளேயே இவருக்குத் தெரிந்துவிட்டது. மற்ற படங்கள் அழிந்துபோய், அது மட்டும் புத்தம் புதிதாக இருக்கிறதாம். அந்தப் பெண் சும்மா போயிருக்கக்கூடாதா? கீழே இறங்கி அக்காவிடமும் சொல்லிவிட்டுப் போனாள்.

திரையில் ஆறாவது மாடியின் நடைக்கூடம் வந்தது. யாரோ சிரித்தார்கள். அக்காவும் சிரித்தாள், மற்றவர்களை விட ஒரு நொடி பிந்தி, வசனம் கீழே ஓடுவதைப் படித்துவிட்டுச் சிரித்தாள். "இது நீ எழுதினதாடா?" என்று காதோரம் கேட்டாள். ஆமாம் என்று தலையாட்டினார். அந்த வசனம் உண்மையிலேயே அவர் எழுதியதுதான், அதனால் தைரியமாக ஆட்டினார். தலையாட்டலில்கூடத் தராதரம் வந்துவிட்டது பார்த்தீர்களா. அக்கா பெருமையாக இடதுபக்கம் வலதுபக்கம் திரும்பிப் பார்த்தாள், வேறு யாராவது கவனித்தார்களா என்று. அப்போது அவள் மாட்டியிருந்த காதுக்கருவியின் சின்ன வளைவு திரை வெளிச்சத்தில் மின்னியது. அவருடைய கை தானாகச் சட்டைப்பைக்குப் போனது. பை கனத்தது. பையில் இருந்தது ஒரு பொட்டலம், பொத்தான் அளவு ஆறு பேட்டரிகள், அக்காவின் காதுக்கருவிக்கு உரியவை. காலையில் சாப்பாட்டு மேஜையில் இருந்தன. நேற்று அக்கா தானே கடைவரை நடந்துபோய் வாங்கிவந்து, "தம்பி படம், ஒரு வார்த்தை விடாம கேக்கணும்" என்று பக்கத்து வீட்டுக்காரியிடம் சொல்லிவிட்டு, மேஜையில் உப்பு ஜாடிக்குப் பக்கத்தில் பத்திரமாக வைத்திருந்தாள். அவள் குளிக்கப் போனபோது இவர் எடுத்துப் பையில் போட்டுக்கொண்டார். யோசித்துச் செய்யவில்லை. இல்லை, யோசித்துத்தான் செய்தார். ராத்திரியெல்லாம் யோசித்தார், கை மட்டும் யோசிக்காத மாதிரி எடுத்தது. அவள் தேடினாள். குனிந்து மேஜைக்கடியில் தேடினாள், எண்பத்தொரு வயதில், முழங்காலைப் பிடித்துக்கொண்டு. "இங்கதானேடா வச்சேன்?" இவரும் கூடச் சேர்ந்து தேடினார். தேடினார் என்றால், குனிந்து நாற்காலிக்கடியில் பார்த்தார், மேஜை விரிப்பைத் தூக்கிப் பார்த்தார், அசல் நடிப்பு. இத்தனை வருஷம் நடிகர்களுக்கு வசனம் எழுதியதில் அதுவாவது வந்திருக்கிறது. கடைசியில் அவள், "எனக்கு இப்பல்லாம் புத்தி எங்க நிக்கிது" என்று தன்னையே திட்டிக்கொண்டு, ஜெபமாலைப் பையின் அடியில் போன மாசம் போட்டுவைத்த ஒரே ஒரு பேட்டரியைக் கண்டுபிடித்து மாட்டிக்கொண்டாள். மாட்டியதும் முகம் மலர்ந்தது. "காக்கா கத்துறதுகூட கேக்குது" என்றாள்.

இருபத்தாறு நிமிடம் ஓடிவிட்டது. திருடனாக நடித்தவன் போன வருஷம் செத்துப்போனான். எல்லோரும் போய்விட்டார்கள், இயக்குநர் வொத்ரேன் போய்விட்டார், இசையமைப்பாளர் லம்பேர் போய்விட்டார், தயாரிப்பு அலுவலகத்து மதாம் சூசேன் எப்போதோ போய்விட்டாள். பார்க்கப்போனால் உண்மை தெரிந்த ஆள் என்று உலகத்தில் அக்காவும் தானும்தான். தான் வாய் திறக்கப் போவதில்லை. அக்கா? ஐம்பத்தைந்து வருஷமாக அவள் அதைப் பாடி யாரும் கேட்டதில்லை. மறந்திருக்கலாம். மறந்திருக்க வேண்டும், மாதாவே, மறந்திருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டார், வேண்டிக்கொண்ட மறுகணமே உடம்பு கூசியது, ஏனென்றால் ஒரு தாய் தன் பிள்ளைக்குப் பாடியதை மறந்துபோக வேண்டும் என்று மாதாவிடமே போய் வேண்டுகிறவனை என்ன சொல்வது? அவளுக்குப் புத்தி நிற்கவில்லை என்று காலையில் அவளாகவே சொன்னாள் அல்லவா. அதைச் சொல்லவைத்ததும் தான்தான். மறுபடியும் பையைத் தொட்டார். பொட்டலத்தின் நெகிழிக் காகிதம் சரசரத்தது. திடுக்கிட்டுக் கையை எடுத்தார். அக்கா திரும்பி, "மிட்டாயா? எனக்கு ஒண்ணு குடு" என்றாள். "இல்லக்கா, மாத்திரை" என்றார். அடுத்த பொய்.

ஓர் ஆகஸ்ட் மாதம், மத்தியானம். அந்த மத்தியானத்துக்குப் போகக்கூடாது என்று நினைத்தால் அங்கேதான் போவார். ஐம்பத்தேழாம் வருஷம், வீட்டுப் பின்கட்டு, ஓடு காய்ந்து அனல் இறங்குகிற இரண்டு மணி. அவருக்கு அப்போது பதினெட்டு வயது, ஜூனில் பக்கலோரெயா என்கிற பள்ளி இறுதித் தேர்வில் கோட்டைவிட்டவர், செப்டம்பரில் மறுபடி எழுதவேண்டும், தேறினால் கப்பல், தேறாவிட்டால் அப்பாவோடு நகராட்சி ஆபீசில் குமாஸ்தா. பக்கத்து அறையில் அக்கா, எட்டு மாசக் குழந்தை ரெஜின். அத்தான் பிரெஞ்சுப் பட்டாளத்தில், அல்ஜீரியாவில். குழந்தை முகத்தை ஃபோட்டோவில்தான் பார்த்திருக்கிறார். தூளி கிரீச்சிடும், அக்கா பாடுவாள். வேறு யாரிடமும் கேட்டுப் படித்த பாட்டு இல்லை, தானாகக் கட்டியது. கட்டியதை இவர் கேட்டிருக்கிறார்: முதல் நாள் ஒரு மாதிரி இழுப்பாள், மறுநாள் அதைத் திருத்துவாள், 'கடலோரமா' என்ற இடத்தில் ஒரு படி கீழே இறங்கி நின்று, பிறகு சட்டென்று ஏறுவாள், அந்த ஏற்றத்தைப் பிடிக்க நாலைந்து நாள் ஆனது. *கப்பல் ஒண்ணு வந்து நிக்குது கடலோரமா, அப்பா வந்து இறங்குறாரு அதிகாரமா.* இவ்வளவுதான் அவருக்குத் தெரியும். இதற்கு மேல் இருந்தது. மேலே போகிற மாதிரி குரல் தூக்கும், சரியாக அந்த இடத்தில் இவர் எழுந்துபோய் நடுக்கதவைச் சாத்துவார். தினமும். "அக்கா, கொஞ்சம் நிறுத்தேன், பரீட்சை இருக்குல்ல" என்பார். "இதோ தூங்கிடுவா தம்பி" என்பாள் உள்ளேயிருந்து. கனத்த தேக்குக் கதவு, சாத்தினால் ஒன்றும் கேட்காது, முனகல் மாதிரி ஏதோ கசியும், அவ்வளவுதான். குழந்தைக்குக் காய்ச்சல் வந்த மூன்று நாளும் அவள் விடாமல் பாடினாள். மூன்று நாளும் அவர் சாத்தினார். மூன்றாம் நாள் மத்தியானம் அந்த முனகலும் நின்றது. அப்பாடா என்று நினைத்தார். நினைத்ததோடு விட்டாரா, வாய்விட்டே சொன்னார், அப்பாடா என்று, சொல்லிவிட்டுப் பக்கத்தைப் புரட்டினார். அரைப் பக்கம் படித்திருப்பார், அக்காவின் கத்தல் கதவையும் தாண்டிக் கேட்டது.

தேர்வில் தேறினார். அதையும் சொல்லிவிட வேண்டும். நல்ல மதிப்பெண்.

நாற்பத்தொரு நிமிடம். திரையில் வேலைக்காரப் பெண்மணி சாவியைப் பூந்தொட்டிக்கடியில் வைக்கிறாள். திருடன் படிக்கட்டு வளைவிலிருந்து பார்க்கிறான். அந்தக் காட்சியை எழுதிய நாள், வொத்ரேனின் சமையலறை, மேஜை நிறைய சாம்பல் கிண்ணங்கள். வொத்ரேனிடம் ஒரு வழக்கம் உண்டு: படப்பிடிப்புக்கு முன்னால் எழுத்தாளன் முழுக் கதையையும் எல்லோர் முன்னிலையிலும் உரக்கப் படித்துக்காட்ட வேண்டும், கதவு தட்டுகிற இடத்தில் மேஜையைத் தட்ட வேண்டும், பாட்டு வருகிற இடத்தில் எதையாவது முனகி நிரப்ப வேண்டும், வெறும் இடம் விடக்கூடாது. அறுபத்தொன்பதாவது நிமிடம். திருடன் ஒரு பணக்காரியின் படுக்கையறையில், உள்பாவாடைகள் வைத்திருக்கும் இழுப்பறையைக் கிளறிக்கொண்டே விசிலடிக்கிறான் என்று எழுதியிருந்தார். படிக்கும்போது விசிலடிக்க வேண்டி வந்தது. வாயைக் குவித்தார். எதுவும் தோன்றவில்லை, தெரிந்த பிரெஞ்சுப் பாட்டெல்லாம் அந்தச் சமயம் பார்த்து ஓடி ஒளிந்தது, அப்புறம் அது வந்தது. பதினாலு வருஷமாக நினைக்காத மெட்டு, எங்கே இருந்ததோ, உதட்டுக்கு வந்துவிட்டது. கடலோரமா, அந்த இறக்கம், சட்டென்று ஏற்றம், அதிகாரமா, மேலே போகிற மாதிரி ஒரு தூக்கல், அங்கே கதவு. நிறுத்தினார். "இது என்னது?" என்றார் வொத்ரேன். "ஒன்றுமில்லை, இடத்தை நிரப்ப" என்றார் இவர். "இதையே வைப்போம். மிச்சம் எங்கே?" என்று லம்பேர் கேட்டார். மிச்சம் தெரியாது. மிச்சம் தேக்குக் கதவுக்கு அந்தப் பக்கம் இருக்கிறது. "இவ்வளவுதான். பாதியில் நிற்பதுதான் அதன் அழகு" என்றார். எவ்வளவு லாவகமாக வந்தது அந்தப் பதில்! படம் வெளிவந்ததும் பத்திரிகைக்காரர்கள் அதைத்தான் பிடித்துக்கொண்டார்கள். முடிக்க மறுக்கும் மெட்டு, நவீன மனிதனின் நிம்மதியின்மை, அது இது என்று பத்தி பத்தியாக. ஒரு பரீட்சைக்காரப் பையன் கதவைச் சாத்தியதற்கு இவ்வளவு பெரிய அர்த்தம்.

சாத்தியதையும் மன்னிக்கலாம். விசிலடித்ததையும் மன்னிக்கலாம், வாய் தவறி வந்தது. மன்னிக்க முடியாதது அந்தத் தாள். படத்தொகுப்பு முடிந்ததும் மதாம் சூசேன் ஒரு தாள் கொண்டுவந்தாள், படத்தில் வருகிற ஒவ்வொரு இசைத் துணுக்கும் எத்தனையாவது நொடியில் தொடங்கி எத்தனையாவது நொடியில் முடிகிறது, ஆக்கியவர் யார், பிறந்த தேதி, பிறந்த ஊர். இசையமைத்தவர்களுக்கு உரிய பணத்தைப் பிரித்துத்தரும் உரிமைச் சங்கத்துக்கு அன்று மாலைக்குள் போக வேண்டும். "விசில், நாற்பது நொடி. யாருடையது மெஸ்ஸியே ஞானு?" பேனா இவர் கையில். என் அக்காவுடையது என்று சொல்ல வாயெடுத்தார், இதில் சந்தேகமே இல்லை, வாயெடுத்தார். ஃபெலிசித்தே என்று அவள் முழுப்பெயரை எழுதக்கூட 'ஃபெ' போட்டார். அடுத்த கட்டம், பிறந்த தேதி. அக்காவின் பிறந்த நாள் அவருக்குத் தெரியவில்லை. மார்ச்சா, மே மாதமா? ஒவ்வொரு பிறந்த நாளுக்கும் பாரிஸுக்குக் கடிதம் போட்டவள் அவள். இவருக்கு அவளுடைய தேதி தெரியாது. மதாம் சூசேன் மேலே நின்றுகொண்டு கடிகாரத்தைப் பார்த்தாள். தெரியவில்லை என்று அவளிடம் சொல்ல வெட்கமாக இருந்தது. அந்த 'ஃபெ'யை அடித்துவிட்டுத் தன் பெயரை எழுதினார், தன் பிறந்த நாளை எழுதினார், அப்புறம் ஊருக்கு எழுதிக் கேட்டுத் திருத்திக்கொள்ளலாம் என்று. இதைத்தான் இத்தனை வருஷமும் தனக்குத்தானே சொல்லிக்கொண்டார், தேதி தெரியாததால் வந்த வினை என்று. ஆனால் எழுதி முடித்ததும் மதாம் சூசேன் நிமிர்ந்து, "அட, நீங்கள் இசையும் அமைப்பீர்களா?" என்றாள். வேலைக்காரர் வசனமென்றால் அவனிடம் கொடு என்று மட்டுமே பேர்வாங்கிய கறுப்புத் தோல் எழுத்தாளனை அந்த அலுவலகத்தில் முதல் தடவையாக ஒருவர் நிமிர்ந்து பார்த்தார். அது எவ்வளவு இனித்தது என்பதை அவர் யாரிடமும் சொன்னதில்லை. கடிதம் எழுதவில்லை. ஆறு மாதத்தில் பாரிஸ் தெருவில் பையன்கள் அந்த விசிலை அடித்துக்கொண்டு சைக்கிளில் போனார்கள். பேட்டி எடுக்க வந்தவன் எப்படித் தோன்றியது என்று கேட்டான். "மெட்ரோ ரயிலில் ஒரு நாள், சக்கரச் சத்தத்திலிருந்து" என்றார். அதன் பிறகு யார் கேட்டாலும் மெட்ரோ. சொல்லிச் சொல்லி அந்த ரயில் பெட்டியில் உட்கார்ந்திருந்த கிழவியின் தொப்பிகூட அவருக்கு ஞாபகம் வந்துவிட்டது, பச்சைத் தொப்பி.

ஐம்பத்தெட்டு. அறுபது. எழுந்துபோய்விடலாம், வயிறு சரியில்லை, வா அக்கா வீட்டுக்குப் போகலாம் என்றால் வந்துவிடுவாள், தம்பிக்கு உடம்பு என்றால் படமாவது ஒன்றாவது. அறுபத்திரண்டு. ஒரே ஒரு வார்த்தை. சொல்லவில்லை. ஏன் சொல்லவில்லை? உள்ளே எங்கோ ஒரு மூலையில், அவள் கேட்கட்டும், கேட்டு என்னைக் கையும் களவுமாகப் பிடிக்கட்டும், செவிட்டில் ஓர் அறை விடட்டும், முடிந்துபோகட்டும் என்று ஓர் ஆசையும் இருந்தது. அறுபத்தைந்தில் எட்டிப் பார்த்தார். அக்காவின் தலை சாய்ந்திருந்தது. கண் மூடியிருந்தது. தூங்கிவிட்டாள்! ஓடிகொலோன் கைக்குட்டை மடியில் நழுவிக் கிடந்தது. கப்பலே கரை சேர்ந்துவிட்ட மாதிரி நெஞ்சு இறங்கியது. அப்பாடா.

அந்தச் சொல் உள்ளே கேட்டதும் கிளேமான் ஞானு அப்படியே விறைத்துப்போனார். அதே அப்பாடா. ஐம்பத்தைந்து வருஷம் கழித்து, அதே பெண் அடங்கியதற்கு, அதே நிம்மதி. திரையில் திருடன் இழுப்பறையை இழுத்தான். ஒரு பட்டுப் பாவாடையைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்தான். உதட்டைக் குவித்தான். கப்பல் ஒண்ணு வந்து நிக்குது. அரங்கில் சிரிப்பு எழுந்தது, பட்டாளத்துக் கிழவர் ஒருவர் கூடவே விசிலடித்தார், அந்தக் காலத்தில் பிரான்ஸில் கேட்டிருப்பார் போல. கடலோரமா. திருடன் பாவாடையைத் தன் இடுப்பில் வைத்து அளந்து பார்த்து இடுப்பை ஆட்டினான். மறுபடியும் சிரிப்பு. அப்பா வந்து இறங்குறாரு. நாற்பது நொடி என்பது எவ்வளவு நீளம் என்று மதாம் சூசேனுக்குத் தெரிந்திருக்காது. அதிகாரமா, மேலே தூக்கி, நின்றது. காலடிச் சத்தம் கேட்டுத் திருடன் கட்டிலுக்கடியில் புகுந்தான். அக்காவின் கண் திறந்திருந்தது.

எப்போது திறந்தாள்? அவள் திரையைப் பார்க்கவில்லை, முன்னால் இருந்த நாற்காலியின் முதுகைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அவள் இவர் பக்கம் சாய்ந்தாள்.

"தம்பி, இப்ப விசிலடிச்சானே, அது யாரு போட்டதுடா?"

குரலில் கோபம் இல்லை. கடையில் துணியைத் தொட்டுப் பார்த்து எந்த ஊர்ச் சரக்கு என்று கேட்கிற குரல். இதுதான் அந்த இடம். நாற்பத்தொரு வருஷமாக இங்கே வந்து சேரத்தான் அவர் ஓடிக்கொண்டிருந்தார். பதில் தயாராக இருந்தது, உன்னுது அக்கா, இரண்டே சொல். "நீ போட்டதா? அந்தத் தாள்ல மியூசிக்னும் போட்டிருந்துதே?" என்று அவளே எடுத்துக்கொடுத்தாள்.

"ஆமா" என்றார்.

அக்கா தலையை ஆட்டினாள், மெல்ல, ஒரு தடவை, இரண்டு தடவை. பிறகு தனக்குத்தானே சொல்கிற மாதிரி சொன்னாள். "அப்ப உங்கிட்டேர்ந்துதான் நான் கத்துக்கிட்டேன் போல இருக்கு. இவ்ளோ நாளா என்னமோ நானே கட்டினேன்னு நெனச்சிட்டிருந்தேன்டா. ரெஜினுக்கு பாடுவேனே. நீ உள்ள படிக்கிறப்ப எதாச்சும் முணுமுணுத்திருப்ப, எங்காதுல விழுந்திருக்கும்." இருட்டில் இவர் கையைத் தேடிப் பிடித்துத் தட்டினாள். "நல்லாதான் போட்டிருக்க. பாப்பா உம்பாட்டு கேட்டுத்தான் தூங்கியிருக்கு, பாரேன்."

அதன் பிறகு இருபத்துமூன்று நிமிடம் படம் ஓடியது. திருடன் அகப்பட்டானா தப்பினானா என்று எழுதியவருக்கே தெரியாது. அவள் திட்டியிருந்தால் தாங்கியிருப்பார், அறைந்திருந்தால் அங்கேயே காலில் விழுந்திருப்பார். அவள் கொடுத்துவிட்டாள். தன் பிள்ளைக்குத் தான் கட்டியதை, பிள்ளை போன பிறகு மிச்சமிருந்த ஒரே பொருளை, புத்தி நிற்கவில்லை என்று தன்மேலேயே பழியைப் போட்டுக்கொண்டு, பேட்டரியைத் தேடிய அதே முகத்தோடு, இந்தா வச்சுக்கோ என்று கொடுத்துவிட்டாள். அவள் விரல்கள் இவர் கையை விடவில்லை. மெலிந்த, ஓடிகொலோன் வாசம் அடிக்கிற, நரம்பு புடைத்த விரல்கள். இழுத்துக்கொள்ளவும் முடியவில்லை, பிடிக்கவும் கூசியது. இப்போது சொல்லேன், இப்போது சொல்லேன் என்று திரையில் எவனெவனோ பேசுகிற வசனத்துக்கு நடுவே ஒரு குரல் கேட்டுக்கொண்டே இருந்தது, இருந்தும் வாய் பேசாமல் உட்கார்ந்திருந்தார், உலகத்தில் தன்னைவிடக் கேவலமான பிறவி வேறொன்று இருக்குமா என்று யோசித்துக்கொண்டு; அந்த யோசனையிலும் ஒரு சுகம் இருக்கிறதோ என்று சந்தேகம் வந்தது, அதற்கும் வெட்கப்பட்டார்.

விளக்கு போட்டார்கள். கைதட்டினார்கள். ஓரியான் மேடைக்குக் கூப்பிட்டாள், கையில் ஒலிவாங்கியைக் கொடுத்தாள். முதல் கேள்வி எது என்று சொல்லவும் வேண்டுமா? முன்வரிசைப் பெண் ஒருத்தி எழுந்து, அந்த விசில் எப்படித் தோன்றியது என்று பிரெஞ்சில் கேட்டாள். மெட்ரோ தயாராக வந்து நின்றது, பச்சைத் தொப்பிக் கிழவியோடு. மூன்றாவது வரிசையில் அக்கா நிமிர்ந்து உட்கார்ந்து, கருவியைக் காதில் சரிசெய்துகொண்டு, ஒரு வார்த்தை விடாமல் கேட்கத் தயாராக இருந்தாள்.

"அது என் மெட்டு இல்லை" என்றார் தமிழில். "என் அக்கா கட்டினது. அதோ உட்கார்ந்திருக்காங்க. அவங்க குழந்தைக்குக் கட்டினது. நான் திருடிட்டேன்."

ஓரியான் அதைப் பிரெஞ்சில் சொன்னாள், புன்னகையோடு சொன்னாள். திருடன் படத்தை எழுதியவர் தன்னையே திருடன் என்கிறார் என்று அரங்கம் ரசித்தது. அக்கா பதறிப்போய் எழுந்து நின்றாள். "அய்யோ, இல்லீங்க! அவன் எனக்காகச் சொல்றான். நான் இப்பத்தான் கேட்டேன், நான்தான் போட்டேன்னு சொன்னான். சின்ன வயசுலேர்ந்து அவன் அப்படித்தான், தன்னப் பெருமையா சொல்லிக்கவே மாட்டான்." ஓரியான் அதையும் மொழிபெயர்த்தாள். கைதட்டல் முன்னைவிடப் பலமாக எழுந்தது. என்ன தன்னடக்கம், என்ன பாசம்! அக்காவும் தட்டினாள், இவருக்குத் தெரியவேண்டும் என்று கையைத் தலைக்கு மேலே தூக்கித் தட்டினாள்.

மேடையில் கூனிக் குறுகி நின்றார் கிளேமான் ஞானு. நாற்பத்தொரு வருஷம் பொய் சொன்னபோது நம்பினார்கள், உண்மையைச் சொன்னால் தட்டுகிறார்கள். கை பையில் இருந்தது, பொட்டலத்தை இறுக்கிக்கொண்டிருந்தது. அதை எடுத்துக் காட்டலாமா? காலையில் இதையும் திருடினேன் என்று? அதற்கும் தட்டுவார்கள். தட்டல் அடங்கும் வரை காத்திருந்தார். பிறகு ஒலிவாங்கியை வாயருகே கொண்டுபோய், கண்ணை மூடிக்கொண்டு, விசிலாக இல்லை, வார்த்தையோடு பாடினார். பாட வராது அவருக்கு. கப்பல் ஒண்ணு வந்து நிக்குது கடலோரமா. சுருதி எங்கெங்கோ போனது. அப்பா வந்து இறங்குறாரு அதிகாரமா. குரலை மேலே தூக்கி, தூக்கிய இடத்தில் நிறுத்தினார். "இதுக்கு மேல எனக்குத் தெரியாது" என்றார். "தினமும் இந்த எடத்துல கதவைச் சாத்திட்டேன். அக்கா, இதுக்கு மேல எப்படிப் போகும்?"

அக்கா நின்றபடியே அவரைப் பார்த்தாள். சொல்ல மறுக்கத்தான் வாயைத் திறந்தாள், கை வேண்டாம் என்று எழும்பக்கூடச் செய்தது. ஆனால் தூக்கிய குரல் அந்தரத்தில் நின்றுகொண்டிருந்தது, அதை அப்படியே விட்டுவிட அவளால் முடியவில்லை. எழும்பிய கை காற்றில் லேசாக ஆடத் தொடங்கியது, தூளிக் கயிற்றைப் பிடித்த மாதிரி. உடைந்த, மெலிந்த, ஆனால் சுருதி பிசகாத குரலில் அவள் எடுத்தாள்.

"வந்தவரு கேப்பாரு ரெஜினு எங்கேனு,
மடியிலதான் தூங்குதுனு..."

அங்கே நின்றுவிட்டாள். கை ஆடிக்கொண்டிருந்தது, பிறகு அதுவும் நின்றது. "நான்தான் கட்டினேன்" என்றாள், அரங்கத்தைப் பார்த்து இல்லை, தம்பியைப் பார்த்து இல்லை, அந்தக் கையைப் பார்த்து. அப்புறம் தம்பியை நிமிர்ந்து பார்த்தாள். ஓரியான் மொழிபெயர்க்கவில்லை. ஒருவரும் கைதட்டவில்லை. அந்தப் பார்வையை விட்டு எங்கே போவது என்று தெரியாமல் கிளேமான் மேடையிலேயே நின்றார். அக்கா உட்கார்ந்து, காதிலிருந்து கருவியைக் கழற்றி, மடியில் வைத்துக்கொண்டாள்.